ஆவுளியாவோடு சிரித்தவர்கள்

என் தம்பி முத்தலிபைப் பற்றி எத்தாளையில் யாரிடம் வேண்டுமானாலும் கேட்டுப் பாருங்கள். ஒருவர் வாயிலிருந்தும் நல்ல வார்த்தை வராது. காட்டிக் கொடுத்தவன் என்பார்கள். இடம் கொடுத்த ஊருக்கே குழி பறித்த அகதி என்பார்கள். நான் அவனுடைய ராத்தா, கூடப் பிறந்த மூத்தவள். சித்தி லெய்லா என்று பேர். எனக்கும் அவன்மேல் ஆத்திரம் உண்டு, இல்லையென்று சொல்லமாட்டேன். ஆனால் இந்த ஊர்க்காரருக்கு அவனைப் பேச வாய் கிடையாது. ஏன் கிடையாது என்று சொல்கிறேன், கேளுங்கள்.

தொண்ணூறில் முஸ்லிம் சனங்கள் எங்களை இயக்கக்காரர்கள் மன்னாரிலிருந்து துரத்தினார்கள். உடுத்த உடுப்போடு வள்ளத்தில் ஏறினோம். உம்மா அழுகிறா, வாப்பா கலிமாவைச் சொல்லிக்கொண்டே வருகிறார். இவன் வள்ளத்து விளிம்பில் வயிற்றை வைத்துத் தண்ணீருக்குள் எட்டிப் பார்த்துக்கொண்டு வந்தான். வீடு போய்விட்டது, வளவு போய்விட்டது, இவனுக்கு அடியில் என்ன நீந்துகிறது என்ற கவலை. நான் தலையில் ஒரு குட்டு வைத்தேன். அப்போதும் அவன் நிமிரவில்லை.

புத்தளத்துக் கரையில் இந்த எத்தாளையில் கிடுகுக் கொட்டில்களில் எங்களை இருத்தினார்கள். முதல் ஹஜ்ஜுப் பெருநாளுக்கு ஊரார் குர்பான் இறைச்சி அனுப்பினார்கள். பசி வயிற்றைப் பிடுங்குகிறது. வாப்பா சட்டியைத் தொடாமல், "ஆரு அறுத்தது?" என்று கேட்டார். எங்கள் ஆட்களிடம் இது ஒரு முறை. இறைச்சி வாசல்படி ஏறுவதற்கு முன்னால் அந்தக் கேள்வியைக் கேட்டே ஆகவேண்டும். அறுத்தவன் பக்கத்தில் நின்றால் அவனே தன் வாயால், அல்லாஹ்வின் பேரைச் சொல்லி அறுத்தது நான்தான் என்று சொல்லவேண்டும். சொன்னால்தான் அடுப்பில் சட்டி ஏறும். சட்டியைக் கொண்டுவந்த இளந்தாரி, "நான்தான் வாப்பா, அலியார். பிஸ்மி சொல்லித்தான் அறுத்தன்" என்றார். அந்த அலியாரைத்தான் பிற்பாடு எனக்குக் கட்டி வைத்தார்கள்.

என் மாப்பிள்ளை மிளகாய்த் தோட்டக்காரர். ஆனால் ஊருக்கு அறுக்கிறவர் அவர்தான். பெருநாளானாலும் கலியாணமானாலும் கந்தூரியானாலும் கத்தியைத் துணியில் சுற்றிக்கொண்டு போவார். கத்தி பழுதில்லாமல் இருக்கவேண்டும், ஒரே வீச்சில் முடியவேண்டும், யார் கேட்டாலும் நான்தான் என்று சொல்லவேண்டும், இந்த மூன்றும்தான் அவருக்கு மார்க்கம். ஒரு நாளைக்குப் பத்துப் பேர் கேட்டாலும் பத்துப் பேருக்கும் ஒரே மாதிரிச் சொல்வார். அந்த வாய் அப்படியே பழகிவிட்டது.

முத்தலிபுக்குப் படிப்பு ஏறவில்லை. புத்தளம் டவுனில் ஒரு ஸ்டூடியோவில் எடுபிடியாகச் சேர்ந்து, பிறகு கமெராவைப் பிடித்தான். சில வருசத்தில் எத்தாளையில் எந்தக் கலியாணமென்றாலும் இவன் வந்தால்தான் மாப்பிள்ளை நாற்காலியில் உட்காருவான் என்றாகிவிட்டது. "நெட்டையாக்கள் பின்னுக்கு. சேட் பொத்தானைப் போடுங்க. இஞ்ச பாருங்க, சிரிங்க." இதை ஊருக்குப் பழக்கியவனே அவன்தான். இவன் தோளில் கமெராவைக் கண்டால் போதும், ரோட்டில் சண்டை பிடித்துக்கொண்டு நிற்கிறவர்கள்கூட வரிசையாக நின்று பல்லைக் காட்டுவார்கள். கரையில் பெரிய சுறா ஏறினாலும் இவனுக்குத்தான் போன் கோல் வரும். இவன் போவான், சுறாவைச் சுற்றி நின்று எல்லோரும் சிரிப்பார்கள், இவன் எடுத்துக் கொடுப்பான்.

யுத்தம் முடிந்த பிறகு ஆலங்குடாப் பக்கம் வெள்ளைக்காரர்கள் ஓங்கில் பார்க்க வரத்தொடங்கினார்கள், அவர்கள் பாஷையில் டொல்பின். றொபி என்று ஒரு வேதக்காரப் பொடியன், சேர்ச்சுக்குப் போகிறவன், மீன்பிடியை விட்டுவிட்டு வள்ளத்தில் அவர்களை ஏற்றித் திரிந்தான். ஓங்கிலைப் படமெடுக்க வந்த ஒரு கூட்டத்தின் கமெராக்காரன் காய்ச்சல் வந்து படுத்துவிட்டான். றொபி ஓடிவந்து, "முத்தலிபு, கலியாணம் எடுக்கிற கையால இதையும் எடுப்பியா?" என்று கேட்டான். இவன் போனான். மாப்பிள்ளை எந்த நேரம் தலையைத் தூக்குவான் என்று பார்த்துப் பழகிய கண் அல்லவா? ஓங்கில் எழும்புகிற இடத்துக்கு, அது எழும்ப முந்தியே கமெராவைத் திருப்பி வைத்திருப்பானாம். வெள்ளைக்காரன் தன் நாட்டுக்குப் போகும்போது தண்ணீருக்குள் கமெராவைக் கொண்டுபோகிற பெட்டி ஒன்றை இவனுக்கே விட்டுவிட்டுப் போனான்.

அதோடு கெட்டது கதை. கலியாணம் எடுக்கிறவன் கடலே கதியென்று கிடந்தான். காதுக்குள் தண்ணீர் போய்ச் சீழ் வடியும், மருந்தை விட்டுக்கொண்டு மறுபடி இறங்குவான். கரைக்கு வந்தால் சாப்பிட முதல் அந்தப் பெட்டியை நல்ல தண்ணீரில் குளிப்பாட்டுவான். நாங்கள் தூரத்துக் கிணற்றிலிருந்து அள்ளி வந்த குடிதண்ணீர். நான் வாளியைப் பறிப்பேன், அவன் விடமாட்டான். கமெராவை அரிசி வாளிக்குள் புதைத்து வைத்து ஈரம் போக்குவான், பிறகு அந்த அரிசியைத்தான் நான் சமைக்கவேண்டும். படகில் நாள் முழுக்க இருந்துவிட்டு வருவான், என்ன எடுத்தாய் என்று கேட்டால், "இண்டைக்கி ஒண்டும் வரல்ல" என்பான். இதற்கு ஒரு தொழில் என்று பேர். களப்பு நாரை, ஆமை, திமிங்கிலம் எல்லாம் கொழும்புக் கம்பனிகளுக்கு எடுத்துக் கொடுத்தான். டீவியில் படம் போகும். கடைசியில் எறும்பு ஊர்வதுபோல் ஓடுகிற எழுத்தில் இவன் பேர் போகும், நாங்கள் வாசிக்க முதல் மறைந்துவிடும்.

நெய்னார் சம்மாட்டியோடு முறுகல் தொடங்கியது அந்த நாட்களில்தான். நெய்னாருக்கு வள்ளங்களும் வலைகளும் உண்டு, பள்ளிவாசல் நிர்வாகத்திலும் இருந்தார். அவருடைய மகன் ஸஜீதின் கலியாணத்தை எடுக்க முத்தலிபு வாக்குக் கொடுத்திருந்தான். அந்தக் கிழமை பெரிய திமிங்கிலங்கள் கிட்ட வந்துவிட்டன என்று றொபியோடு கடலுக்குப் போனவன் திரும்பவில்லை. சிலாபத்திலிருந்து ஒருவனை அவசரமாகக் கூட்டிவந்தார்கள், அவன் படத்துக்குப் படம் மாப்பிள்ளையின் தலை வெட்டுப்படும்படி எடுத்து வைத்தான். நெய்னார் எங்கள் வளவுக்கு வந்து, "உன்ட தம்பிக்கு மனிசரை விட மீன் பெரிசு, லெய்லா. இத நான் மறக்கமாட்டன்" என்று சொல்லிவிட்டுப் போனார். மறக்கவும் இல்லை.

முத்தலிபுக்கு ஒரே ஒரு ஆசை இருந்தது. ஆவுளியாவை உயிரோடு எடுக்கவேண்டும். கன்றுக்குட்டியைவிடப் பெரிய உடம்பு, சாம்பல் நிறம், கடலோடு சேர்ந்து கிடக்கிற களப்பின் வாயிலும் கரையோரத்திலும் கடற்புல் மேயும், மூச்சு விட மேலே வரும், குட்டிக்குப் பால் கொடுக்கும். சிங்களத்தில் அதற்குக் கடற்பன்றி என்று அர்த்தம் வருகிற பேர். எங்கள் ஊரில் அந்தப் பேரை வாயில் எடுக்கமாட்டார்கள். பேரை விட்டுவிட்டு இறைச்சியை மட்டும் தின்பார்கள். ஒரு காலத்தில் நிறைய இருந்ததாம், இப்போது காண்பதே அரிது. முத்தலிபு புல்லுக்கு மேலே மூச்சைப் பிடித்துக்கொண்டு மிதப்பான். மண்வெட்டியால் இழுத்ததுபோல் புல்லில் கோடு கிடக்கும், அது மேய்ந்துபோன தடம். தடத்தை எடுத்துக்கொண்டு வருவான். வருசம் வருசமாகத் தடம்தான். மேய்ந்தது வரவில்லை.

கொழும்பில் ஒரு கம்பனி ஆவுளியாவைப் பற்றியே ஒரு படம் எடுக்கத் தொடங்கியது. கமெரா இவன் கையில். இவன் சந்தோசத்தில் என் பிள்ளைகளுக்கெல்லாம் ஐஸ் பழம் வாங்கிக் கொடுத்தான். அந்தப் பருவம் முடிகிற நேரத்தில் ஒரு காலை நெய்னாரிடமிருந்து கோல் வந்தது.

"மகன்ட கலியாணத்துக்கு வராத ஆளு, இதுக்காவது வாவன். கரைக்கி வா. கமெராவோட வா."

நானும் போனேன். ஊரே போனது. நெய்னாரின் திருக்கை வலையில் ஆவுளியா ஒன்று சிக்கியிருந்தது. உயிர் இருந்தது. இழுத்து மணலில் போட்டிருந்தார்கள். அது மூச்சு விட்டது, அவ்வளவுதான். பெரிய மனிசன் படியேறி வந்து இளைப்பது மாதிரி ஒரு மூச்சு. என் மாப்பிள்ளையைத் தோட்டத்திலிருந்து கூட்டி வந்திருந்தார்கள், கால் நிறையச் சேறு.

"கடல்ல உள்ளதுக்கு என்னத்துக்கு அறுப்பு?" என்று அவர் கேட்டார்.

"மூச்சு விடுது, மச்சான். முலை வேற இரிக்கி," என்றார் நெய்னார். "மாட்டைப் போல இரிக்கிறத அறுக்காமத் தின்ன மனம் வருமா? நீங்க ஒரு பிஸ்மி சொல்லிட்டா எல்லாருக்கும் நிம்மதி."

மாப்பிள்ளை குனிந்து அதைப் பார்த்தார். "துடிக்க விட்டு வெச்சிரிக்கிறீங்களே. தள்ளுங்க" என்றார்.

அப்போதுதான் முத்தலிபு வந்தான். வந்தவன் யாரையும் பார்க்கவில்லை. மணலில் முழங்காலைக் குத்தி, அதன் கண்ணுக்கு நேரே கமெராவை இறக்கினான். அது இவனைப் பார்த்தது, நான் கண்டேன். பிறகு அவன் எழும்பிக் கமெராவைத் தோளில் வைத்துத் திரும்பினான். திரும்பியதும் ஊர் என்ன செய்தது தெரியுமா? வரிசையாக நின்றது. நெட்டையானவர்கள் பின்னுக்குப் போனார்கள். நெய்னார் சேட் பொத்தானைப் போட்டுக்கொண்டு, ஆவுளியாவின் முதுகில் கையை வைத்து நடுவில் உட்கார்ந்தார். "அலியார் மச்சான், கத்தியைத் தூக்கிப் பிடிங்க" என்று ஒருவர் சொன்னார். என் மாப்பிள்ளைக்கு வெட்கம், கத்தியைக் கொஞ்சம் தூக்கினார். சிரிங்க என்று ஒருவரும் சொல்லவில்லை. தாங்களாகவே சிரித்தார்கள். முத்தலிபு எடுத்துக்கொண்டே இருந்தான். அறுத்ததையும் எடுத்தான்.

எங்கள் வீட்டுக்கு வந்த பங்கை மாப்பிள்ளை அடுத்த வீட்டுக்குக் கொடுக்கச் சொன்னார். அவருக்கு மனம் கேட்கவில்லை. முத்தலிபு வரவில்லை. தேடிப்போனால் றொபியின் வள்ளத்துக்குள் குந்திக்கொண்டிருக்கிறான். எனக்கு எரிச்சல் வந்தது.

"இத்தின வருசமா இதைத் தேடித்தானே திரிஞ்ச? கண்டுட்டியே. பிறகென்ன மூஞ்சி?"

"உசிரோட முதல்முதல்ல காணுறன், ராத்தா."

"அப்ப வாயைத் துறந்து வாணாமெண்டு சொல்ல ஏலாதா உனக்கு?"

"கமெரா தோள்ள இரிந்திச்சி" என்றான்.

இதுதான் பதில். இதைக் கேட்டால் யாருக்கு ஆத்திரம் வராது, சொல்லுங்கள்.

கொஞ்ச நாளில் மீன் இறக்குகிற இடத்தில் ஒரு பெரிய போஸ்டர் ஒட்டினார்கள். ஆவுளியாவின் படம், பக்கத்தில் விலங்கு மாட்டிய இரண்டு கை. பிடித்தாலும் அறுத்தாலும் மறியல், சிறைதான், என்று இரண்டு பாஷையிலும் போட்டிருந்தது. தெரியாத விசயமில்லை, ஒளித்து மறைத்துச் செய்கிறதுதான். ஆனால் அந்தப் படத்தைக் கண்டபிறகுதான் ஊருக்கு மூளை வேலை செய்தது. ஒளித்துச் செய்கிற வேலைக்கு வீடியோக்காரனைக் கூப்பிட்டு, பொத்தானைப் போட்டுக்கொண்டு சிரித்து வைத்திருக்கிறோமே என்று அப்போதுதான் நினைவு வந்தது. அவனோ ஆவுளியாப் படக் கம்பனிக்கு வேலை செய்கிறவன். சுறாவுக்குச் சிரித்த பழக்கத்தில் இதற்கும் சிரித்துவிட்டார்கள், மடையர்கள்.

தங்கள் மடத்தனத்துக்கு அவன்மேல் பாய்ந்தார்கள். தேத்தண்ணிக் கடைக்கு அவன் போனால் கதை நின்றது. ஸலாம் சொன்னால் பதில் இல்லை. றொபியின் எஞ்சினுக்குப் போகிற எண்ணெய்க் குழாயை யாரோ வெட்டிப் போட்டார்கள். இருட்டுகிற மஃரிப் நேரம் எங்கள் கூரைத் தகரத்தில் கல் விழுந்தது. இருபது வருசத்துக்கு மேல் யாரும் எங்களை அகதி என்று சொன்னதில்லை, அந்தச் சொல் எங்கே கிடந்ததோ, தூசு தட்டி எடுத்துக்கொண்டு வந்தார்கள். என் மாப்பிள்ளை இந்த மண்ணிலே பிறந்தவர், அவரையும் விடவில்லை, அகதியின் மச்சான் என்றார்கள். எனக்கு அதைவிடப் பெரிய பயம் இருந்தது. எல்லோரும் சிரித்தார்கள்தான், ஆனால் கத்தி அவர் கையில் இருந்தது. படம் வெளியே போனால் முதலில் மறியலுக்குப் போகிறவர் அவர்தான்.

நான் முத்தலிபிடம் போனேன். அவன் வாளியில் பெட்டியைக் கழுவிக்கொண்டிருந்தான்.

"உன்ட மச்சானுக்கு ஏதும் நடந்திச்செண்டா இந்த வாளியோட உன்னைக் கிணத்துக்குள்ள தள்ளிடுவன்" என்றேன்.

"மச்சான்ட முகம் வராது, ராத்தா."

"முகம் மட்டுமா?"

"ஒருத்தர்ட முகமும் வராது. கையும் கத்தியும் வரும். குரலை எடுத்துடுவன். அதுவும் இல்லாட்டி அது செத்ததுக்குச் சாட்சியே இல்லாமப் போயிடும்."

கொழும்பிலிருந்து படத்தின் டிரெக்டர் வந்தார், ஒரு பெண்பிள்ளை. எங்கள் கதிரையில் உட்கார்ந்து அந்தக் கரைக் காட்சி முழுவதையும் கமெராவின் சின்னத் திரையில் பார்த்தார். பார்த்துவிட்டு, "இந்தச் சிரிப்புத்தான் முழுப் படமே, முத்தலிபு. இதை அப்படியே தாங்க" என்றார். எனக்கு அந்தப் பிள்ளையின் கன்னத்தில் ஒன்று விட வேண்டும்போல் இருந்தது. முத்தலிபு முடியாது என்றான். கையையும் கண்ணையும் மூச்சுச் சத்தத்தையும் மட்டும் கொடுத்தான். "இதோட நீங்க எங்களுக்கு வேலை செய்ய ஏலாது. பேரும் வராது" என்றார் டிரெக்டர். "வரத் தேவையில்லை" என்றான் இவன். எத்தனையோ வருசம் தடத்தைத் துரத்தி எடுத்தது எல்லாம் அவர்களிடம் போய்விட்டது. பிறகு எந்தக் கம்பனியும் இவனைக் கூப்பிடவில்லை. ஒத்துழைக்க மாட்டாதவன் என்று கொழும்பெல்லாம் கதை போயிருந்தது.

நெய்னாருக்கு அதுவும் போதவில்லை. பள்ளிவாசலுக்குக் கூப்பிட்டார்கள். என் மாப்பிள்ளையும் போனார், நான் வெளியே மதிலோரம் நின்று கேட்டேன்.

"முகம் இரிக்கிற அந்தக் கார்டை இஞ்சயே அழி" என்றார் நெய்னார்.

"அழிக்கிறன். கையும் கத்தியும் ஏற்கனவே குடுத்துட்டன். ஆராச்சும் அது மச்சான்ட கை எண்டு கண்டுபிடிச்சா என்ன செய்வீங்க?"

"கையை வெச்சி ஆரைப் பிடிக்கிற?" என்று நெய்னார் சிரித்தார். பிறகு எல்லோருக்கும் கேட்கச் சொன்னார். "பள்ளில இரிந்து சொல்றன். அலியார்ட பேர் வெளிய வந்தா நாங்க அத்தனை பேரும் எழும்பி நிப்பம். வலை என்ட. கூப்பிட்டது நான். தின்டது ஊர்."

மற்றவர்களும் ஓம் ஓம் என்றார்கள். முத்தலிபு அவர்கள் கண்முன்னாலே கார்டை அழித்துக் காட்டினான். நெய்னார் திரையை வாங்கிப் பார்த்து உறுதி செய்துகொண்டார். அந்த இருப்பில்தான் மௌலவி சொன்னார், கடலில் உள்ளதற்கு மார்க்கத்தில் அறுப்பே தேவையில்லை என்று. இதை முதலே ஒருவரும் மௌலவியிடம் கேட்கவில்லை. மாப்பிள்ளை அன்றைக்குக் கரையில் கேட்டுத்தானே இருந்தார்.

கார்டை அழித்த பிறகாவது ஸலாமுக்குப் பதில் சொன்னார்களா? இல்லை. பயம் போனதும் திமிர் வந்தது, அவ்வளவுதான்.

படம் முடிந்ததும் கரையோர ஊர்களில் சனங்களுக்குக் காட்டுகிறோம் என்று வந்தார்கள். நுரைச்சோலையில் காட்டினார்கள், பிறகு எத்தாளைக்கு வந்தார்கள். பள்ளிக்கூட மண்டபத்தில் வெள்ளைத் துணி கட்டி, பகலிலே ஜன்னலையெல்லாம் மூடினார்கள். வனசீவராசி அதிகாரி ஒருவரும் வந்திருந்தார், இப்படியான மிருகங்களைக் கொன்றால் வழக்குப் போடுகிறவர், தமிழ் பேசுகிற வயதான ஐயா. என் மாப்பிள்ளை தோட்டத்தில் வேலை இருக்கிறது என்று சொல்லிப் பார்த்தார். நெய்னார் விடவில்லை. "வராட்டித்தான் சந்தேகம் வரும்" என்று கூட்டிவந்து முன்வரிசையில் தனக்குப் பக்கத்திலே இருத்தினார். பொம்பிளைகள் ஒரு பக்கம் இருந்தோம். முத்தலிபு கடைசியில் கதவோரம் நின்றான். கமெரா இல்லாமல் அவன் ஒரு கூட்டத்துக்குள் நின்றதை அன்றைக்குத்தான் கண்டேன். கையை எங்கே வைப்பதென்று அவனுக்குத் தெரியவில்லை.

உண்மையைச் சொல்கிறேன், படம் நன்றாகத்தான் இருந்தது. தண்ணீருக்கடியில் புல் ஆடுகிறது, அதில் அந்தத் தடம் நீளமாகப் போகிறது, கமெரா அதன் பின்னாலே போகிறது. போகிறது, போகிறது, கடைசியில் தடம் முடிகிறது. பிறகு மணல். அந்த மூச்சு. கண். சேறு காய்ந்த ஒரு கை, கத்தி, ஒரே வீச்சு. சொன்னபடி முகமும் இல்லை, குரலும் இல்லை. தம்பி தன் தொழிலைக் கொடுத்து என் மாப்பிள்ளையைக் காப்பாற்றிவிட்டான் என்று நினைத்தேன். அல்ஹம்துலில்லாஹ் என்று வாய்க்குள் சொல்லிக்கொண்டேன்.

ஜன்னலைத் திறந்தார்கள். அதிகாரி எழும்பிக் கண்ணாடியைத் துடைத்தார். அதட்டவில்லை, மிரட்டவில்லை. கலியாண வீட்டில் சாப்பாட்டுக்கு உட்கார்ந்தவர் கேட்கிற மாதிரிக் கேட்டார்.

"நல்ல பழகின கை. ஒரே வீச்சு. ஆரு அறுத்தது?"

"நான்தான்" என்றார் என் மாப்பிள்ளை. "பிஸ்மி சொல்லித்தான் அறுத்தன்."

முப்பது வருசமாகச் சொல்லி வந்த வாய். கேட்டார்கள், சொல்லிவிட்டார். சொல்லி முடித்த பிறகும் என்ன சொன்னேன் என்று அவருக்கு விளங்கவில்லை. இறைச்சியைத் தாராளமாகத் தின்னலாம் என்கிற முகத்தோடு அந்த ஐயாவைப் பார்த்துக்கொண்டிருந்தார். ஐயா விளையாட்டு என்று நினைத்து முதலில் சிரித்தார். பிறகு மண்டபத்தைப் பார்த்தார். மண்டபம் முழுக்கத் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தது. அதைக் கண்டதும் அவருக்கு விளங்கிவிட்டது, சிரிப்பு நின்றது.

"இவர் தனியாவா? இன்னும் ஆரு இரிந்தீங்க?"

நான் நெய்னாரைப் பார்த்தேன். பள்ளிவாசலில் வைத்து வாக்குச் சொன்ன நெய்னார். அவர் தொப்பியைக் கழற்றி அதன் ஓரத்து நூலைப் பிய்த்துக்கொண்டிருந்தார். வரிசையில் சிரித்தவர்கள், தலைப்பங்கு வாங்கியவர்கள், இன்னும் கொஞ்சம் தாங்க என்று பையை நீட்டியவர்கள், ஒருவரும் எழும்பவில்லை. கதவோரத்திலிருந்து முத்தலிபு முன்னுக்கு வந்தான்.

"நானும் இரிந்தன், ஐயா. வலை இந்தா இரிக்கிற நெய்னார் சம்மாட்டிட. ஊரே இரிந்திச்சி."

"பொய், ஐயா," என்றார் நெய்னார். தலையைத் தூக்காமலே சொன்னார். "கலியாணத்துல வந்த கோவத்துக்குச் சொல்றான். அகதிக் குணம்."

"ஊரே இரிந்ததுக்கு ஏதும் படம் இரிக்கா?" என்று ஐயா முத்தலிபைக் கேட்டார்.

முத்தலிபு என் மாப்பிள்ளையைப் பார்த்தான், பிறகு என்னைப் பார்த்தான்.

"அழிச்சிட்டன்" என்றான்.

மாப்பிள்ளையை மட்டும் கொண்டுபோனார்கள், தன் வாயால் ஒப்புக்கொண்டவர் அவர் ஒருவர்தானே. புத்தளத்தில் விளக்கமறியலில் போய்ப் பார்த்தேன். கம்பிக்கு அந்தப் பக்கம் நின்று, "மிளகாய்க்குத் தண்ணி விட்டியா?" என்று கேட்கிறார். எனக்கு அழுகையும் ஆத்திரமும் சேர்ந்து வந்தது. வாயை மூடிக்கொண்டு இருக்கத் தெரியாதா உங்களுக்கு, ஒரு நிமிசம், ஒரே ஒரு நிமிசம், என்று ஏசினேன்.

"கேட்டாங்களே, புள்ள" என்றார். "அறுத்தவன் சொல்லாம இரிந்தா ஹராமாப் போயிடுமே."

இந்த மனிதரோடு என்ன பேச? வழக்கு நடந்து மறியலும் விதித்தார்கள். வேறு யார் இருந்தார்கள் என்று எத்தனை முறை கேட்டும் அவர் சொல்லவில்லை. தான் அறுத்ததைத்தான் தன்னிடம் கேட்கலாம், மற்றவர்கள் தங்கள் வாயால் சொல்லவேண்டியது என்றார்.

முத்தலிபு இப்போது சிலாபத்துப் பக்கம் வேதக்காரர் கலியாணங்களை எடுக்கிறான். எத்தாளையில் யாரும் கூப்பிடுவதில்லை, கூப்பிட்டாலும் அவன் போகமாட்டான். மாப்பிள்ளையையும் பொம்பிளையையும் நிறுத்தி வைத்து, சிரிக்க வேண்டாம், சும்மா நில்லுங்க என்று சொல்கிறானாம். றொபி வந்து சொல்லிச் சிரித்தான். எனக்குச் சிரிப்பு வரவில்லை. வேலை இல்லாத நாட்களில் இரண்டு பேரும் இப்போதும் கடலுக்குப் போகிறார்கள். என்ன எடுத்தாய் என்று நான் கேட்பதில்லை.

போன ஹஜ்ஜுப் பெருநாளுக்கு மாப்பிள்ளை இன்னும் உள்ளேதான் இருந்தார். ஊருக்கு அறுக்க ஆள் இல்லாமல் கற்பிட்டியிலிருந்து யாரையோ கூட்டி வந்தார்கள். பின்னேரம் அஸர் தொழுகைக்குப் பிறகு எங்கள் வாசலில் நெய்னார் வந்து நின்றார். கையில் மூடிய சட்டி.

"லெய்லா, குர்பான் பங்கு. புள்ளையளுக்கு ஆக்கிக் குடு."

நான் கையை நீட்டவில்லை. "ஆரு அறுத்தது?" என்று கேட்டேன்.

"கற்பிட்டி ஆள். நல்ல மனிசன், நான் பக்கத்துல நிண்டன்."

"இதைக் கேக்கல்ல. அண்டைக்கிக் கரையில. ஆரு அறுத்தது?"

வாசலுக்கு முன்னால் ஒழுங்கையில் ஆட்கள் நின்றார்கள். பெருநாள் உடுப்போடு, கையில் கையில் சட்டியோடு, வீடு வீடாகப் போகிறவர்கள். எல்லோரும் அன்றைக்கு வரிசையில் நின்றவர்கள்தான். நெய்னார் அவர்களைத் திரும்பிப் பார்த்தார். அவர்கள் நெய்னாரைப் பார்த்தார்கள். நாங்கதான் என்று ஒரு சொல், அதில் ஒருவர் சொல்லியிருந்தாலும் அந்தச் சட்டியை வாங்கி அடுப்பில் வைத்திருப்பேன். நான் நின்று பார்த்தேன். சொல்லட்டும் என்று நின்றேன். சட்டியிலிருந்து இரத்தத் தண்ணீர் அவர் கட்டியிருந்த புதுச் சாரத்தில் வடிந்தது.

"அறுத்தவன் பேர் தெரியாத இறைச்சி எங்கட வீட்டுக்கு வாணாம்" என்று சொல்லிக் கதவைச் சாத்தினேன்.